கஸ்டம் கார்களை, அதாவது உரிமையாளரின் விருப்பப்படி உருமாற்றிய கார்களை, படம்பிடிப்பதையே தொழிலாகக் கொண்டு ஓர் ஒளிப்பதிவாளர் நிலைக்க முடியுமா?

ஒளித்தடம் கேட்டது:

அனைவருக்கும் வணக்கம். நான் லாஸ் ஏஞ்சலஸில் விளம்பரப் படங்களிலும் சிறு தொடர்களிலும் கேமரா உதவியாளராக வேலை பார்க்கிறேன். ஞாயிற்றுக்கிழமைகளில், கிழக்கு லாஸ் ஏஞ்சலஸைச் சேர்ந்த லோரைடர் மன்றம் ஒன்றின் கார்களை, அவர்களுடைய அனுமதியோடு படம்பிடித்து வருகிறேன். இந்தக் கார்களைப் பார்த்திராதவர்களுக்காக ஒரு வார்த்தை: 1960களில் வந்த செவர்லே இம்பாலா போன்ற பெரிய கார்களைத் தரையோடு தரையாகத் தாழ்த்தி, எண்ணெய் அழுத்தத்தால் காரை ஏற்றி இறக்கும் ஹைட்ராலிக்ஸ் பொருத்தி, பானெட்டிலிருந்து டிக்கி வரை கையால் ஓவியம் தீட்டி, ஸ்போக் வீல் மாட்டி, நடை வேகத்தில் வீதி உலா விடுகிறார்கள். மெக்சிகோ வழிவந்த அமெரிக்கக் குடும்பங்களில் இது தாத்தாவிடமிருந்து பேரனுக்குக் கைமாறும் கலையாக இருந்து வருகிறது.

இதையே என் முதன்மையான வேலையாக்கிக்கொள்ள வேண்டும் என்ற ஆசை எனக்கு இருக்கிறது. கார்களைப் படம்பிடிக்கும் தொழில் இந்த ஊரில் பெரியது என்பதை நான் அறிவேன். ஆனால் புதிய காரை விற்பதற்காக எடுக்கப்படும் படமும், ஒருவர் பல ஆண்டுகள் உழைத்து உருவாக்கிய ஒரே ஒரு காரைப் பற்றிய படமும் ஒன்றல்ல. இரண்டாவது வகையை மட்டும் நம்பி வாழ்ந்த ஒளிப்பதிவாளர்கள் உண்டா, அவர்கள் எந்த வழியில் வந்தார்கள் என்பது என் முதல் கேள்வி.

அடுத்தது தொழில்நுட்பம் சார்ந்தது. கேண்டி ஆப்பிள் ரெட் பூசிய கார் ஒன்றை நேரில் பார்க்கும்போது நிறத்துக்குள் இறங்கிப் பார்ப்பதைப் போன்ற ஆழம் தெரிகிறது. திரையிலோ அது வெறும் சிவப்பு பிளாஸ்டிக் போல வருகிறது. பிரதிபலிப்பைக் குறைக்க லென்ஸின் முன் போலரைசர் வடிகட்டி போட்டால், பிரதிபலிப்போடு காரின் உயிரும் போய்விடுகிறது. அனுபவமுள்ளவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

மேற்குக்கரை எழுதியது:

வணக்கம். நான் கார் விளம்பரங்களில் ஒளியமைப்புப் பிரிவில் நெடுங்காலம் இருந்தவன். முதலில் பெயின்டைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன், ஏனெனில் அதைப் புரிந்துகொள்ளாதவருக்கு இந்தத் துறையில் வேறு எதைச் சொன்னாலும் பயன்படாது.

கேண்டி பெயின்டில் நிறம் மேற்பரப்பில் இல்லை. அடியில் வெள்ளி அல்லது தங்க நிற மெட்டாலிக் பூச்சு இருக்கும். அதன்மேல் சாயம் கலந்த, ஒளி ஊடுருவக்கூடிய பூச்சைப் பல தடவை அடிப்பார்கள். அதற்கும் மேல் கிளியர் கோட் என்ற நிறமற்ற பளபளப்புப் பூச்சு. ஒளி அந்தச் சாயத்தைக் கடந்து உள்ளே போய், அடியிலுள்ள உலோகத் துகள்களில் பட்டுத் திரும்பி, மீண்டும் ஒரு முறை சாயத்தைக் கடந்து நம் கண்ணுக்கு வருகிறது. நேராகப் பார்க்கும் இடத்தில் ஒளி கடக்கும் தூரம் குறைவு, ஆகவே நிறம் பளிச்சென்று இருக்கும். கதவு வளைந்து விலகிச் செல்லும் இடத்தில் தூரம் அதிகம், ஆகவே நிறம் கறுத்துச் செல்லும். நீங்கள் ஆழம் என்று சொன்னது இந்த ஏற்ற இறக்கத்தைத்தான். மேகமூட்டமான வானத்தின் கீழ் படம்பிடித்தால், எல்லாப் பக்கத்திலிருந்தும் வரும் வெள்ளை ஒளி கிளியர் கோட்டின் மேலேயே பிரதிபலித்து ஒரு மெல்லிய படலம்போல அந்த ஏற்ற இறக்கத்தை மூடிவிடும். நீங்கள் பிளாஸ்டிக் என்று உணர்வது அந்தப் படலத்தை.

மெட்டல் ஃபிளேக் (மின்னும் உலோகத் துகள் கலந்த பெயின்ட்) பூசிய கார் என்றால் இன்னொரு சிக்கல் உண்டு. ஒவ்வொரு துகளும் தனிக் கண்ணாடி. சிறிய, கடுமையான ஒளிமூலம் இருந்தால்தான் அவற்றில் சில மின்னி, சில இருண்டு நிற்கும். பெரிய மென்மையான ஒளியைக் கொடுத்தால் எல்லாத் துகள்களும் ஓரளவு வெளிச்சமாகி, மினுமினுப்பு சாம்பல் பூத்துவிடும். விளம்பரப் படங்களில் காருக்கு மேலே தொங்கவிடும் மிகப்பெரிய சாஃப்ட்பாக்ஸ் (ஒளியை மென்மையாக்கிப் பரப்பும் பெட்டி), தொழிற்சாலையில் வந்த காரின் உடற்கோட்டைக் காட்டுவதற்காக உருவானது. அதை மட்டும் வைத்து லோரைடரை எடுத்தால் கோடு கிடைக்கும், பெயின்ட் கிடைக்காது. இரண்டு வேலைக்கும் இரண்டு ஒளி வேண்டும். பணமில்லாத படப்பிடிப்பில் சூரியனே போதும். சூரியன் தாழ்ந்து, ஆனால் இன்னும் மறையாமல் இருக்கும் நேரத்தில், அது உங்கள் முதுகுப் பக்கமாகச் சற்று விலகி இருக்குமாறு நின்று ஃபிளேக்கையும் கேண்டியையும் எடுத்துவிடுங்கள். சூரியன் மறைந்த பிறகு மேற்கு வானம் முழுவதும் ஒரே சாஃப்ட்பாக்ஸ் ஆகிவிடும். அப்போது காரைப் பக்கவாட்டில் நிறுத்தி உடற்கோட்டை எடுங்கள். இந்த வரிசையை மாற்றினால் இரண்டும் கிடைக்காது.

போலரைசரைப் பற்றி நீங்கள் சொன்னது சரியான கவனிப்பு. அது கிளியர் கோட், கண்ணாடி போன்ற உலோகமல்லாத பரப்புகளின் பிரதிபலிப்பையே வெட்டும். அதுவும் பரப்புக்குச் செங்குத்தான கோட்டிலிருந்து ஏறக்குறைய 55 முதல் 60 டிகிரி சாய்வில் பார்க்கும்போதுதான் முழுமையாக வெட்டும். குரோம் பம்பரின் மேல் அதற்கு அதிகாரமே இல்லை. பானெட் ஒரு கோணத்திலும் கதவு இன்னொரு கோணத்திலும் இருப்பதால் ஒன்றுக்குச் சரிசெய்தால் மற்றொன்றில் பிரதிபலிப்பு அப்படியே நிற்கும். மேலும், ஒரு வளைந்த தகட்டின் வடிவத்தை நம் கண் பிரதிபலிப்பைக் கொண்டுதான் உணர்கிறது. அதை முற்றிலும் நீக்கினால் தகடு சப்பையாகிவிடும். பின்பக்கக் கண்ணாடி டெம்பர்ட் (சூடேற்றி உறுதியாக்கிய) வகையாக இருந்தால், அதிலுள்ள இறுக்கப் புள்ளிகள் போலரைசரில் கறுப்புத் திட்டுகளாகத் தெரியும் என்பதையும் மனத்தில் வையுங்கள். நான் பரிந்துரைப்பது, முழு வெட்டுக்குத் திருப்பிவிட்டு அங்கிருந்து பாதிவரை பின்னால் வருவது. வானத்தின் படலம் மெலியும், வடிவம் நிற்கும்.

எக்ஸ்போஷரில், அதாவது கேமராவுக்குள் விடும் ஒளியளவில், ஒரு முன்னெச்சரிக்கை தேவை. கேண்டி சிவப்பில், மொத்த வெளிச்ச அளவு பாதுகாப்பாகத் தோன்றும்போதே சிவப்பு சேனல் மட்டும் உச்சத்தைத் தொட்டு வெட்டுப்பட்டிருக்கும். வெட்டுப்பட்ட இடத்தில் ஏற்ற இறக்கம் எதுவும் பதிவாவதில்லை. அதைக் கலர் கிரேடிங்கில் மீட்கவும் முடியாது. சிவப்பு, பச்சை, நீலம் என்ற மூன்று சேனல்களையும் தனித்தனியே காட்டும் பரேட் வரைபடத்தைப் பார்த்து அளவிடுங்கள், தேவையானால் ஒரு ஸ்டாப் (ஒளியில் பாதி) குறையுங்கள். மலிவான எல்இடி விளக்குகளில் ஆழ்ந்த சிவப்பு அலைவரிசை குறைவாக இருப்பதால், அவற்றின் கீழ் இந்தப் பெயின்ட் பழுப்பேறித் தெரியும். இரவுப் படப்பிடிப்புக்கு டங்ஸ்டன் விளக்கு ஒன்றையாவது கையில் வைத்திருப்பது நல்லது.

இணையத்தில் ஏற்றும்போது ஃபிளேக் படும் பாட்டையும் சொல்ல வேண்டும். ஆயிரக்கணக்கான புள்ளிகள் ஒவ்வொரு ஃபிரேமிலும் மாறி மாறி மின்னினால், வீடியோவைச் சுருக்கும் முறை திணறிப்போய் அந்த இடத்தைக் கட்டம் கட்டமாக உடைத்துவிடும். நகரும் காரின் ஃபிளேக்கை முழுத்திரையில் நெருக்கமாகக் காட்டுவதைத் தவிர்த்து, கார் நிற்க, கேமரா மிக மெதுவாக நகரும் ஷாட்டாக அதை எடுத்தால் பெரும்பாலும் தப்பித்துக்கொள்ளலாம்.

லென்ஸ் விஷயத்தில் என் கருத்து சற்றுக் கடுமையானது. கேமரா குலுங்காமல் காக்கும் கிம்பலில் அகன்ற லென்ஸை மாட்டி, காரின் மூக்கருகே ஓடுவது இன்று வழக்கமாகிவிட்டது. அது ஸ்போர்ட்ஸ் காருக்குப் பொருந்தலாம். கூரையைச் சில அங்குலம் வெட்டித் தாழ்த்திய 1950 மெர்குரி போன்ற கஸ்டம் காரில், கூரைக்கும் கதவுக்கும் உள்ள விகிதமே அதைச் செய்தவரின் முழு உழைப்பு. அகன்ற லென்ஸ் அந்த விகிதத்தைச் சிதைத்துவிடும். 75 முதல் 135 மில்லிமீட்டர் வரையுள்ள லென்ஸோடு தள்ளி நின்று, கேமராவைக் கதவுக் கைப்பிடியின் உயரத்துக்கோ சக்கரத்தின் மையத்துக்கோ இறக்குங்கள். தள்ளி நிற்பதால் குரோமில் உங்கள் உருவமும் சிறுத்துவிடும். அப்போதும் குழுவினர் அனைவரும் கறுப்பு உடை அணிவதும், டிரைபாடின் கால்களைக் கறுப்புத் துணியால் சுற்றுவதும் அவசியம், ஏனெனில் இம்பாலாவின் பின் பம்பர் தன் முன் நிற்கும் எல்லாவற்றையும் விழுங்கிக் காட்டும் குவிந்த கண்ணாடி.

பழைய ரீல் எழுதியது:

மேற்குக்கரை அவர்கள் தொழில்நுட்பத்தை நிறைவாகச் சொல்லிவிட்டார். உங்கள் முதல் கேள்விக்கு, திரைப்பட வரலாற்றிலிருந்து சிலரை எடுத்துக்காட்டுவது உதவும் என்று நினைக்கிறேன்.

கஸ்டம் கார்களின் வீதி உலாவை உலகம் முழுவதற்கும் கொண்டுசென்ற படம் 1973இல் வந்த ‘அமெரிக்கன் கிராஃபிட்டி’. 1972இல், கலிபோர்னியாவின் பெட்டலூமா நகரத் தெருக்களில், பெரும்பாலும் இரவில் எடுக்கப்பட்டது. இயக்குநர் ஜார்ஜ் லூகாஸ் இரண்டு கேமரா ஆபரேட்டர்களைக் கொண்டு தொடங்கினார். இரவுக் காட்சிகள் சரியாக வராததால், அப்போதே ஆஸ்கர் விருது பெற்றிருந்த ஒளிப்பதிவாளர் ஹாஸ்கெல் வெக்ஸ்லரை அழைத்தார். வெக்ஸ்லர் பகலில் லாஸ் ஏஞ்சலஸில் விளம்பரப் படம் எடுத்துவிட்டு, மாலையில் விமானம் ஏறி வடக்கே சென்று இரவு முழுவதும் இந்தப் படத்தில் வேலை பார்த்தார். படத்தில் அவருடைய பெயர் காட்சி ஆலோசகர் என்றே வருகிறது. கார்களுக்குள் சிறு விளக்குகளை மறைத்துவைத்து முகங்களைத் தெரியவைத்தார். படம் எடுக்கப்பட்ட டெக்னிஸ்கோப் முறையில், ஒரு ஃபிரேமுக்கு ஃபிலிம் ஓரத்தில் வழக்கமான நான்கு துளைகளுக்குப் பதிலாக இரண்டு துளை நீளமே செலவாகும் என்பதால் ஃபிலிம் பாதியாக மிச்சமானது. அதனால் கூடிய துகள்தன்மை அந்த இரவுக்குப் பொருந்திப்போனது. நீங்கள் இதில் கவனிக்க வேண்டியது, அந்த மனிதரின் பகல் நேரத்தை. அவ்வளவு பெயர் பெற்ற பின்னும் அவருக்கு வருமானம் தந்தது விளம்பரப் படம். அவர் கார் பந்தயத்தில் ஈடுபாடு உள்ளவர்; லூகாஸோடு அவருக்கு அறிமுகம் ஏற்பட்டதே அந்த வட்டாரத்தில்தான். கார்களோடு புழங்கியவர் என்பதால் அழைப்பு வந்தது. விளம்பரத்தில் சம்பாதித்ததால் அழைப்பை ஏற்க முடிந்தது.

லோரைடர் என்று எடுத்துக்கொண்டால் நாம் பேச வேண்டியவர் ஜான் பெய்லி. 1979இல் வந்த ‘பூல்வர்ட் நைட்ஸ்’ அவருடைய தொடக்ககால ஒளிப்பதிவுகளில் ஒன்று. கிழக்கு லாஸ் ஏஞ்சலஸின் உண்மையான தெருக்களில் எடுக்கப்பட்ட படம். விட்டியர் பூல்வர்டில் லோரைடர்கள் மெல்ல ஊர்ந்து செல்லும் காட்சிகள், அந்த வீதி எப்படி இருந்தது என்பதற்கு இன்று ஆவணமாக நிற்கின்றன. அதே 1979இல் காவல் துறை அந்த வீதியில் உலாவைத் தடுக்க நடவடிக்கை எடுத்தது என்பதை நினைத்தால் அவற்றின் மதிப்பு கூடும். ஆனால் படம் வெளிவந்தபோது, தங்கள் சமூகத்தைக் கும்பல் சண்டையோடு மட்டும் சேர்த்துக் காட்டுகிறார்கள் என்று மெக்சிகோ வழி அமெரிக்கர்கள் எதிர்த்தார்கள். அந்த எதிர்ப்பில் நியாயம் இருந்தது. 2017இல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் அது சேர்க்கப்பட்டது. பெய்லி 1980இலேயே ‘ஆர்டினரி பீப்பிள்’ என்ற, காருக்குச் சற்றும் தொடர்பில்லாத குடும்பப் படத்தை ஒளிப்பதிவு செய்தார். பிற்காலத்தில் ஆஸ்கர் அகாடமியின் தலைவராகவும் ஆனார். கார்களில் தொடங்கினால் அங்கேயே அடைபட்டுவிடுவோமோ என்ற அச்சம் உங்களுக்கு இருந்தால், அவரை நினைத்துக்கொள்ளுங்கள்.

உங்களுக்கு மிக நெருக்கமான முன்னோடி என்று நான் கருதுவது எஸ்டெவான் ஒரியோலை. அவர் புகைப்படக்காரர், இயக்குநர். திரைப்பட ஒளிப்பதிவாளர் என்ற கணக்கில் வருபவர் அல்லர். ஹவுஸ் ஆஃப் பெயின், சைப்ரஸ் ஹில் ஆகிய ராப் குழுக்களின் பயண மேலாளராக இருந்தபோது, புகைப்படக்காரரான அவருடைய தந்தை ஒரு கேமராவைக் கொடுத்து, காண்பதைப் பதிவு செய்யச் சொன்னார். தாமே லோரைடர் வைத்திருப்பவர் என்பதால், வெளியார் போக முடியாத இடங்களுக்கு அவர் போனார். அங்கிருந்து இசை வீடியோக்கள், விளம்பரங்கள், புத்தகங்கள் என்று வளர்ந்து, 2020இல் ‘எல்ஏ ஒரிஜினல்ஸ்’ என்ற ஆவணப்படத்தை இயக்கினார். ஆண்டுக்கணக்கில் அதே மனிதர்களையும் அதே கார்களையும் எடுத்துக்கொண்டே இருந்ததால் சேர்ந்த தொகுப்புதான் அவருடைய மூலதனம். அதைக் காசு கொடுத்து வாங்கவும் முடியாது, அவசரமாக உருவாக்கவும் முடியாது.

இதற்கெல்லாம் மறுகோடியில், கென்னத் ஆங்கர் 1965இல் எடுத்த ‘கஸ்டம் கார் கமாண்டோஸ்’ ஒன்று உண்டு. மூன்று நிமிடப் படம். இளஞ்சிவப்புப் பின்னணியில் ஓர் இளைஞன் தன் காரை வெண்ணிறப் பஞ்சால் துடைக்கிறான், அவ்வளவே. காரை வைத்திருப்பவருக்குக் குரோமும் பெயின்டும் என்னவாக இருக்கின்றன என்பதை அதைவிடச் சுருக்கமாகச் சொன்ன படத்தை நான் பார்த்ததில்லை. ஒளியமைப்புக்காக ஒருமுறை பாருங்கள்.

ஒளித்தடம் எழுதியது:

இருவருக்கும் மனமார்ந்த நன்றி. போலரைசரைப் பாதிவரை பின்னால் கொண்டுவருவது பற்றி யாரும் எனக்கு இதுவரை சொன்னதில்லை. இன்னும் இரண்டு ஐயங்கள் உள்ளன. ஹைட்ராலிக்ஸ் கொண்டு காரைத் துள்ளவைக்கும் போட்டியைப் படம்பிடிக்க மன்றத்தார் அழைத்திருக்கிறார்கள். அங்கே எந்த இடத்தில் நிற்பது பாதுகாப்பு? அடுத்தது, ஓடும் காரில் ஸ்போக் வீல் சில நேரம் பின்னோக்கிச் சுழல்வதுபோலப் பதிவாகிறது. பார்ப்பவர்கள் காரை விட்டுவிட்டு அதையே கவனிக்கிறார்கள்.

பட்டறைவாசி எழுதியது:

வணக்கம் தம்பி. நான் கேமராக்காரன் அல்லன். சான் ஹோசேயில் பழைய கார்களுக்கு டிங்கரிங்கும் பெயின்டும் செய்யும் பட்டறையில் இருக்கிறேன். படம் எடுக்க வருபவர்களை எதிர்ப்பக்கத்திலிருந்து பார்த்துப் பழகியவன் என்ற உரிமையில் எழுதுகிறேன்.

துள்ளும் காரைப் பொறுத்தவரை, முதலில் அதன் டிக்கிக்குள் என்ன இருக்கிறது என்று தெரிந்துகொள்ளுங்கள். 12 வோல்ட் பேட்டரிகளைத் தொடராக இணைத்து, அந்த மின்சாரத்தில் பம்பை ஓட்டி, எண்ணெயை மிகுந்த அழுத்தத்தில் சிலிண்டருக்குள் தள்ளுகிறார்கள். குழாய் வெடித்தால் சூடான எண்ணெய் பீய்ச்சியடிக்கும். பேட்டரியிலிருந்து ஹைட்ரஜன் வாயு வெளியேறும், தீப்பொறி பட்டால் பேட்டரியே வெடிக்கும். எனவே டிக்கிக்குப் பின்னால் எக்காரணம் கொண்டும் நிற்காதீர்கள். காருக்கு நேர் முன்னாலும் வேண்டாம், துள்ளும் கார் நேராக இறங்கும் என்ற உறுதி எதுவும் இல்லை. நீண்ட வயரோடு சுவிட்சைக் கையில் பிடித்துக் காரின் பக்கத்தில் நடப்பவர் ஒருவர் இருப்பார். அவருடைய பார்வையில் படும்படியாக, பக்கவாட்டில், நன்றாகத் தள்ளி, நீண்ட லென்ஸோடு நில்லுங்கள். அவருடைய முகத்தையும் விரல்களையும் எடுக்க மறவாதீர்கள். முன்பகுதி கீழே வந்து ஸ்பிரிங் அமுங்கி மேலெழத் தொடங்கும் அந்தக் கணத்தில் சுவிட்சைத் தட்டினால்தான் கார் இன்னும் உயரும். ஊஞ்சலை ஆட்டும் கையைப் போல அந்த விரல் காலம் பார்த்து நடக்கும். இந்தத் திறமையை எந்தப் படத்திலும் சரியாகக் காட்டியதாக எனக்கு நினைவில்லை. எல்லோரும் சக்கரம் காற்றில் நிற்பதை மட்டும் மெதுவாக ஓட்டிக் காட்டுகிறார்கள்.

படம் எடுக்க வருபவர்கள் கார் முடிந்த பிறகே வருகிறார்கள் என்பது எங்களுக்குள்ள பெரிய குறை. முடிந்த காரை எல்லோரும் பார்க்கிறார்கள். ஒரு கதவின் இடைவெளியை மேலிருந்து கீழ்வரை ஒரே அளவாகக் கொண்டுவருவதற்குத் தகட்டை வெட்டி, ஒட்டி, தேய்த்து, மறுபடி பொருத்திப் பார்ப்பதிலேயே வாரங்கள் போகும். கேண்டி அடிக்கும்போது கை ஒரே வேகத்தில், ஒரே தூரத்தில் போக வேண்டும். ஒரு தடவை மேல் இன்னொரு தடவை கூடுதலாக ஏறிவிட்டால் அந்த இடம் பட்டையாகக் கறுத்துத் தெரியும், திரும்ப அடித்தளத்திலிருந்து தொடங்க வேண்டியதுதான். அதன்மேல் பின்ஸ்டிரைப் எனும் மெல்லிய அலங்காரக் கோடு இழுப்பவர் மூச்சை அடக்கிக்கொண்டு நீண்ட மயிர்த்தூரிகையை ஒரே இழுப்பில் கொண்டுபோவதைப் பார்த்திருக்கிறீர்களா? இவற்றுக்கெல்லாம் வெளிச்சம் குறைந்த பட்டறையின் மூலையில் பொறுமையாக உட்கார்ந்திருக்கும் கேமரா வேண்டும். அப்படி உட்கார்ந்த ஓர் இளைஞரை, நான் அறிந்த மூன்று பட்டறைகள் தங்கள் எல்லா வேலைக்கும் அழைக்கின்றன.

இன்னொன்றும் கேட்டுக்கொள்கிறேன். காரின் உரிமையாளர் பெயரை மட்டும் போட்டுவிட்டு, தகடு வெட்டியவர், பெயின்ட் அடித்தவர், ஓவியம் வரைந்தவர், இருக்கைக்குத் துணி தைத்தவர் ஆகியோரை விட்டுவிடாதீர்கள். இம்பீரியல்ஸ் மன்றத்தின் ஜெஸ்ஸி வலாடெஸ் வைத்திருந்த ‘ஜிப்ஸி ரோஸ்’ என்ற 1964 இம்பாலா, அமெரிக்காவின் தேசிய வரலாற்று வாகனப் பதிவேட்டில் 2017இல் சேர்க்கப்பட்டு, வாஷிங்டனில் கண்ணாடிக் கூண்டுக்குள் காட்சிக்கு வைக்கப்பட்டது. அந்தக் காரின் பெருமை அதன் உடல் முழுவதும் மலர்ந்திருக்கும் ரோஜாக்களில் இருக்கிறது. அவற்றை வரைந்த வால்ட் பிரேயின் பெயரை எத்தனை படங்களில் போட்டிருக்கிறார்கள் என்று நீங்களே தேடிப் பாருங்கள்.

மேற்குக்கரை எழுதியது:

பட்டறைவாசி ஐயா சொன்ன பின்ஸ்டிரைப் காட்சியை, வாய்ப்புக் கேட்கும்போது காட்டும் உங்கள் மாதிரி ரீலில் முதலில் வையுங்கள் என்பதே என் ஆலோசனையும். ஓடும் காரை எடுக்கத் தெரிந்தவர்கள் இந்த ஊரில் தெருவுக்குத் தெரு இருக்கிறார்கள்.

சக்கரம் பின்னோக்கிச் சுழல்வதற்குக் கணக்கு எளிது. லோரைடரில் மாட்டும் 13 அங்குலச் சக்கரத்தில், வழக்கமான 155/80 டயரோடு சுற்றளவு ஏறக்குறைய 1.8 மீட்டர். நடுவிலுள்ள ஸ்பின்னர் என்ற அலங்கார மூடிக்கு மூன்று இறகுகள் என்று வைத்துக்கொள்வோம். 24 ஃபிரேமில் எடுக்கும்போது, ஒவ்வொரு ஃபிரேமுக்கும் இடையில் ஓர் இறகின் இடத்துக்கு அடுத்த இறகு சரியாக வந்து நின்றால், ஸ்பின்னர் அசையாமல் நிற்பதாகத் தோன்றும். வினாடிக்கு எட்டுச் சுற்றில், அதாவது மணிக்கு சுமார் 52 கிலோமீட்டரில் அது நிகழும். அதற்குச் சற்றுக் குறைந்த வேகத்தில் பின்னோக்கிச் சுழல்வதாகத் தெரியும். மணிக்கு 26 கிலோமீட்டரை நெருங்கும்போது இறகுகள் ஆறாகிவிட்டதைப் போலக் குழப்பும். ஆகவே ஓட்டுநரை 20 கிலோமீட்டருக்குள் வரச் சொல்லுங்கள். அவர் மகிழ்ச்சியோடு ஒப்புக்கொள்வார், தாழ்ந்தும் மெதுவாகவும் செல்வதுதானே அவர்களுடைய மரபு. 180 டிகிரி ஷட்டரை, அதாவது ஒவ்வொரு ஃபிரேமின் நேரத்திலும் பாதி நேரம் ஒளியை விடும் அமைப்பை, குறைக்காதீர்கள். ஷட்டர் கூர்மையாக ஆக ஆகச் சுழற்சியின் தெறிப்பு அதிகமாகத் தெரியும். இந்த வேகத்துக்கு, சேஸிங் காட்சிகளுக்குரிய கிரேன் பொருத்திய கேமரா வண்டியும் தேவையில்லை. டிக்கியைத் திறந்த ஒரு வேனில், சட்டப்படி அனுமதி வாங்கி, பாதுகாப்புப் பட்டையோடு அமர்ந்து எடுத்தாலே போதும்.

அனுமதியைப் பற்றிப் பேச்சு வந்ததால் சொல்கிறேன். லாஸ் ஏஞ்சலஸ் நகரத் தெருவில் வணிக நோக்கோடு எடுப்பதற்கு படப்பிடிப்பு அனுமதிகளைக் கவனிக்கும் ஃபிலிம்எல்ஏ அமைப்பின் வழியாக அனுமதி பெற வேண்டும். உலாவைத் தடைசெய்ய உள்ளூராட்சிகளுக்கு இருந்த அதிகாரத்தையும், சக்கர விளிம்புக்குக் கீழே காரைத் தாழ்த்தக் கூடாது என்று 1950களிலிருந்து இருந்த விதியையும் கலிபோர்னியா நீக்கி, 2024 ஜனவரி 1 முதல் நடைமுறைக்குக் கொண்டுவந்துவிட்டது. முன்பு வீதியில் கார் ஓட்டுபவர் எப்போது அபராதம் வருமோ என்று பார்த்துக்கொண்டே ஓட்டுவார். நம் படப்பிடிப்பும் அந்தப் பதற்றத்தோடு நடக்கும். இப்போது நகராட்சிகளே விழா நடத்துகின்றன, அவற்றுக்கு ஒளிப்பதிவாளர் தேவைப்படுகிறார்.

பானெட்டில் வரைந்த ஓவியத்துக்கு, வரைந்தவரிடம் பதிப்புரிமை இருக்கும். ஆவணப்படத்தில் அது கடந்து போவது வேறு. டயர் விளம்பரத்தில் திரை நிறைய வருவது வேறு. விளம்பரமாக இருந்தால் உரிமையாளரிடம் மட்டுமன்றி ஓவியரிடமும் எழுத்தில் ஒப்புதல் வாங்குங்கள். பாட்டும் அப்படியே. இந்தக் கார்களோடு ஒன்றிப்போன 1950, 60களின் ‘சோல்’ எனும் கறுப்பின அமெரிக்க இசைப் பாடல்களுக்கு உரிமம் வாங்குவதற்குள் படத்தின் செலவே கூடிவிடும். எனவே பம்பின் முனகல், சுவிட்சின் சொடுக்கு, வீதியோரத்துப் பேச்சு ஆகியவற்றைத் தனி ரெக்கார்டரில் பதிவு செய்து வைத்துக்கொள்வது பலவகையில் கைகொடுக்கும்.

வருமானம் என்று பார்த்தால், முழுவதும் இந்தக் கார்களை நம்பி வாழ்பவர்களைவிட, விளம்பரத்தில் பாதியும் இதில் பாதியுமாக வாழ்பவர்களையே நான் அதிகம் பார்த்திருக்கிறேன். சக்கரம், பெயின்ட், மெழுகு விற்கும் நிறுவனங்களும், லாஸ் வேகாஸில் ஆண்டுதோறும் நவம்பரில் கூடும் செமா என்ற வாகன உதிரிபாகக் கண்காட்சிக்குக் கார் கொண்டுசெல்லும் பட்டறைகளும், அதற்கு முந்தைய மாதங்களில் படம் கேட்பார்கள். அடுத்த வேலை, ஜனவரி பிப்ரவரி வாக்கில் பொமோனாவில் நடக்கும் கிராண்ட் நேஷனல் ரோட்ஸ்டர் கண்காட்சியை ஒட்டி வரும். 1950இல் ஓக்லண்டில் தொடங்கிய கண்காட்சி அது. பழைய காரை வேகத்துக்காக மாற்றியமைக்கும் ஹாட் ராட் கட்டுபவர்கள், அதில் ரோட்ஸ்டர் என்ற திறந்த கூரைக் காருக்குத் தரும் பரிசுக்காகப் பல ஆண்டுகள் உழைப்பார்கள். அந்த உழைப்பின் நடுவில் யாரும் படம் எடுப்பதில்லை என்று ஐயா சொன்னதை இங்கே பொருத்திப் பாருங்கள். அடுத்த கண்காட்சிக்கான கார் ஒன்று இப்போது ஏதோ ஒரு பட்டறையில் வெறும் தகடாக நின்றுகொண்டிருக்கும். அந்தப் பட்டறை எது என்று உங்கள் மன்றத்தாரிடம் இந்த ஞாயிறே கேளுங்கள்.

ஒளித்தடம் எழுதியது:

நன்றி ஐயா. மன்றத்தில் பின்ஸ்டிரைப் இழுக்கும் பெரியவர் ஒருவர் இருக்கிறார். அவருடைய பட்டறையில் ஒரே ஒரு டியூப்லைட்தான் எரியும். அங்கே விளக்கு எதையும் கூடுதலாக வைக்காமல் எடுக்கலாமா, அல்லது தூரிகையின் நுனிக்கு மட்டும் ஒரு சிறு டங்ஸ்டன் வைக்கலாமா?

மேற்குக்கரை எழுதியது:

டியூப்லைட்டை அப்படியே விடுங்கள், அது அவருடைய கண்ணுக்குப் பழகிய வெளிச்சம். ஷட்டரை மட்டும் 60 ஹெர்ட்ஸுக்கு ஏற்ப வினாடியில் 60இல் ஒரு பங்குக்கு வைத்தால் மினுக்கல் வராது. டங்ஸ்டனை வைப்பதாக இருந்தால், தூரிகையின் நிழல் அவர் இழுக்கப்போகும் கோட்டின் மேல் விழாத பக்கத்தில் வையுங்கள். வைப்பதற்கு முன் எந்தப் பக்கம் என்று அவரையே கேட்டுவிடுங்கள்.